எளிய பிசாசுகள்: ஓவியர் ஹூகோ சிம்பெர்க்

பிசாசு என்னுஞ் சொல்லைக் கேட்டவளவில் நம் உள்ளத்தில் எழும் உருவம் பெரும்பாலும் ஒரே தன்மையதாயிருக்கும். கொம்பும் வாலும், கனல் கக்கும் கண்களும், கையிற் கூரிய படையும் கொண்டு, மாந்தரை வருத்துதற்கென்றே தோன்றியது அது என்று நாம் எண்ணுகின்றோம். அச்சமும் அருவருப்பும் ஊட்டுவதே அதன் தொழில். ஐரோப்பாவின் வடகோடியிலுள்ள பின்லாந்து நாட்டில், 1897-ஆம் ஆண்டிலே, 25 வயதும் நிரம்பாத ஓர் இளைஞர் ஒரு பிசாசை வரைந்தார். அதற்குங் கொம்புண்டு, வாலும் உண்டு. ஆயினும் அது எவரையுந் துரத்தவில்லை. எவர்மேலும் படை ஓச்சவில்லை. அடுப்பின்மேல் ஏற்றிய பெரிய பானையினருகே நின்று தன் வேலையைப் பார்க்கின்றது, அவ்வளவே. நரகத்துப் பானையாதலின் அதனுள் வேகுவது யாதென்று நாம் கலங்குதல் இயல்பு. அக்கலக்கம் தீருமுன்னரே, நாள்தோறும் அடுப்படியில் உழைத்துச் சோர்ந்த ஒருவரைக் கண்டாற்போன்ற வேறோர் உணர்ச்சியும் நம்மிடத்து எழுகின்றது. இவ்விரண்டும் ஒருங்கே தோன்றுதலே அவ்வோவியர் செய்த புதுமை. அவர் பெயர் ஹூகோ சிம்பெர்க்.

நம் மாணவர் ஐரோப்பிய ஓவியங்களைக் குறித்துக் கற்கும்பொழுது இத்தாலி, ஹாலந்து, பிரான்சு ஆகிய நாடுகளோடு நின்றுவிடுதல் வழக்கம். வடநாட்டவரை நாடுவோர் சிலரே. ஆதலின் இக்கட்டுரையிலே சிம்பெர்க்கின் ஓவியங்களுட் சிலவற்றை எடுத்துக்கொண்டு, மனிதத் தன்மை பொருந்திய அவ்விந்தை உயிர்கள் நம்மை ஏன் அமைதியிழக்கச் செய்கின்றன என்பதை ஆராயப் புகுகின்றோம். மூலங்களை நேரிற் கண்டு எழுதினோமல்லோம். அச்சுப்படிகளையும் நிழற்படங்களையும் துணையாகக் கொண்டே எழுதுகின்றோம் என்பதை முன்னரே சொல்லிவிடுதல் நேர்மையாகும்.

சிம்பெர்க் 1873-ஆம் ஆண்டு ஜூன் மாதம் 24-ஆம் நாள் ஹமினா என்னுந் துறைமுக ஊரிற் பிறந்தார். அக்காலத்துப் பின்லாந்து ருஷியப் பேரரசருக்கு உட்பட்ட ஒரு பெருங்கோமகன் நாடாயிருந்தது. அவர் வளர்ந்த வீபோர்க் நகரமும், அவர் குடும்பத்தார் கோடையைக் கழித்த நீமென்லௌத்தா என்னுங் கடற்கரை இல்லமும் இந்நாளில் ருஷிய நாட்டெல்லைக்குள் அடங்கிவிட்டன. வீபோர்க்கிலும் ஹெல்ஸிங்கியிலும் ஓவியப் பள்ளிகளிற் பயின்ற அவர், பள்ளிப் பயிற்சியில் மனநிறைவு காணாது, 1895-இல் அக்ஸெலி கல்லென்-கல்லேலாவை நாடிச் சென்றார். பின்லாந்து மக்களின் பழங்கதைப் பாட்டாகிய கலேவலாவை ஓவியமாக்கிப் புகழ் பெற்றவர் அவ்வாசிரியர். ருவோவெஸி என்னுமிடத்துக் காட்டினுள்ளே மரத்தாற் கட்டிய அவருடைய இல்லத்தில் 1897 வரையில், இடையிட்டு இடையிட்டு, சிம்பெர்க் மாணவராயிருந்தார்.

ஆசிரியர் பேருருவங்களை வரைபவர். வீரரும் வாளும் வீரரின் தாயரும் அவருடைய பொருள்கள். மாணவரோ சாண் அகலமும் நிரம்பாத தாள்களில் நீர்வண்ணத்தால் சிறு சிறு படங்கள் தீட்டினார். ஆசிரியர் தம் வழியையே பின்பற்றுமாறு மாணவரை வற்புறுத்தாமல், அவருள்ளத்தில் எழுந்தவற்றையே எழுதவிட்டார். நல்லாசிரியருக்கு இதனினும் பெரிய இலக்கணம் வேறு வேண்டுவதில்லை. 1895-ஆம் ஆண்டிலேதான் கல்லென்-கல்லேலா தம் இளம் மகளைப் பறிகொடுத்திருந்தார் என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது. இறப்பு அவ்வீட்டிற்கு அயலாரன்று.

அவ்வாண்டில் எழுந்ததே "ஹல்லா" என்னும் ஓவியம். ஹல்லா என்பது பின்லாந்து மொழியில் ஒருவகை உறைபனியின் பெயர். மாரிக்காலத்து மூடிக்கிடக்கும் வெண்பனி வேறு, இது வேறு. கோடை முடிந்து கதிர் முற்றும் பருவத்தில், காற்றசைவின்றி வானந் தெளிந்த ஓரிரவிலே, நிலத்தின் வெப்பமெல்லாம் மேலெழுந்து ஒழிய, விடியுமுன் பயிரின்மேற் படிந்து அதனைக் கருக்கிவிடுவது ஹல்லா. மாலையிற் பசுமையாயிருந்த வயல் காலையிற் பாழாய்க் கிடக்கும். குடியானவன் ஓராண்டு பட்ட பாடு ஓரிரவில் அழியும். அதற்கு ஓசையில்லை, இடிபோல் முழங்கி வருவதன்று, வெள்ளம்போல் எச்சரித்துப் புகுவதுமன்று.

இதனை ஓவியத்திற் காட்டுதல் எங்ஙனம்? கருகிய பயிரை வரைந்து காட்டலாம்; தலையிற் கைவைத்து அழும் உழவனை வரையலாம். சிம்பெர்க் அவ்விரண்டையுஞ் செய்திலர். இரவுநேரத்து வயலிலே, அறுத்துக் குவித்த கதிர்க்கட்டின்மேல் வெளிறிய உயிரொன்று குந்தியிருக்கின்றது. அதன் செவிகள் மிகப் பெரியன. உடம்பு மனிதவுடம்பை ஒத்ததெனினும் மனிதவுடம்பன்று. விலங்கினதென்று துணியவும் இடமில்லை. அது வாயாற் குளிர்காற்றை ஊதுகின்றது. வேறு நிகழ்ச்சி அப்படத்தில் இல்லை.

இப்படத்தை நோக்குந்தோறும் எமக்கு நடுக்கம் உண்டாகின்றது. அதன் காரணம் யாதென்று பலகாற் சிந்தித்தோம். முற்றிலும் விலங்காயின் அதனை விலங்கென்று அறிந்து அஞ்சி விலகுவோம். முற்றிலும் மனிதனாயின் பகைவனென்றேனும் நண்பனென்றேனும் துணிவோம். இரண்டற்கும் இடைப்பட்டு நிற்பதனை எவ்வாறு ஏற்பதென்று நெஞ்சம் அறியாது திகைக்கின்றது. மேலும் அவ்வுயிரின் முகத்திற் கொடுமையில்லை. சினமுற்று அழிப்பதாயின் அதனைப் பழிக்கலாம், வேண்டிப் பெறலாம், எதிர்த்தேனும் நிற்கலாம். இதுவோ ஒரு சிறுவன் பாலின் சூட்டை ஊதி ஆற்றுதல்போல ஊதிக்கொண்டிருக்கின்றது. தான் செய்வது இன்னதென்று அறியாத ஒன்றினிடத்து எவர் முறையிடக்கூடும்?

அந்நாட்டு மக்களுக்கு இஃது வெறுங் கற்பனையன்று என்பதை வரலாறு அறிந்தோரே நன்குணர்வர். 1867-ஆம் ஆண்டில் வேனில் மிகப் பிந்தி வந்தது. செப்டம்பர் மாதத் தொடக்கத்திலே உறைபனி வந்து விளைவை அழித்தது. அதனைத் தொடர்ந்த பஞ்சத்தில், 1866 முதல் 1868 வரையில், ஏறக்குறைய 1,50,000 பேர் பசியாலும் அதன்வழிப் பரவிய நோயாலும் மாண்டனர். நாட்டு மக்களுள் நூற்றுக்கு எட்டுப் பேர் என்று கணக்கிடுவர். மரப்பட்டையை இடித்து மாவோடு கலந்து அடை சுட்டு உண்டனர். சிம்பெர்க் பிறந்தது அதற்கு ஐந்தாண்டு பிற்பட்டே. அவர் சிறுவராயிருந்த காலத்து மூத்தோர் அனைவரும் ஹல்லாவின் முகத்தைக் கண்டவரே எனலாம். அவர் வரைந்த பெருஞ்செவி உயிர், ஓர் இளைஞர் விளையாட்டாகக் கண்ட கனவன்று. மூன்றாண்டுத் துயரம் ஓர் உருவத்துள் அடங்கியது.

இனிப் பிசாசுகளிடத்து மீள்வோம். சிம்பெர்க்கின் பிசாசுகளை "ஏழைப் பிசாசு" என்று அந்நாட்டார் பரிவோடு சொல்லுவதுண்டு. அவை வலியவை அல்ல. குளிருக்கு ஒதுங்குகின்றன, வேலை செய்கின்றன, மனிதரைப்போல் தனித்திருந்து வாடுகின்றன. இவ்வெண்ணம் முற்றிலும் புதிதென்றுஞ் சொல்லுதற்கில்லை. பின்லாந்தின் பழைய கற்கோயில்களுட் சிலவற்றில் 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தே எழுதிய சுவரோவியங்கள் இன்றும் விளங்குகின்றன. லோஹ்யா என்னும் ஊரிலுள்ள ஆலயச் சுவரிலே பிசாசுகள் பெண்டிரோடு கூடி வெண்ணெய் கடைதலைக் காணலாம்! அயலார் வீட்டுப் பாலை மந்திரத்தாற் களவுசெய்யும் பெண்டிரைக் கண்டித்தற்காகத் தீட்டியவை அவை. அவ்வோவியத்தைச் செய்தவர் கண்டனமே கருதியிருப்பினும், பிசாசு மத்தைப் பிடித்தவுடன் அது வீட்டு மனிதனாகிவிட்டது. நானூறு ஆண்டு கழிந்து சிம்பெர்க் செய்ததும் ஏறக்குறைய அதுவே. கண்டனம் நீங்கிற்று, பரிவு அவ்விடத்தில் நின்றது.

குறையின்றிப் புகழ்தல் ஆராய்ச்சியாகாது. சிம்பெர்க்கின் பிசாசுப் படங்கள் அனைத்தும் ஒரே தரத்தினவல்ல. சிலவற்றில் பிசாசு மிகவும் எளிமையுற்றுச் சிறுவர் கதைப்புத்தகத்திற்கு ஏற்ற வேடிக்கையுருவாய் நின்றுவிடுகின்றது. நகை உண்டாகின்றது, நகையின் பின்னே வேறொன்றும் எழுவதில்லை. கலக்கமும் பரிவும் ஒன்றையொன்று விடாது பற்றி நிற்கும் படங்களே அவருடைய சிறந்த படைப்புக்கள் என்பது எம் கருத்து. ஹல்லா அத்தகையது. பானையருகே நிற்கும் பிசாசும் அத்தகையதே.

அவர் வரைந்த மரணத்தைப் பற்றியும் சில சொல்லவேண்டும். இடைக்கால ஐரோப்பாவிலே "மரண நடனம்" என்று ஒருவகைப் படம் வழங்கியது. அரசனையும் குருவையும் உழவனையும் குழந்தையையும் எலும்புக்கூடொன்று கைப்பிடித்து இழுத்துச் செல்லும். எவரும் தப்பார் என்பது அதன் பொருள். அதிலே எள்ளலும் உண்டு. சிம்பெர்க் அவ்வெலும்புக்கூட்டை வாங்கிக்கொண்டார், எள்ளலை விட்டொழித்தார். 1897-இல் வரைந்த "மரணம் செவிசாய்க்கின்றது" என்னும் படத்தில் ஓர் இளைஞன் வயலின் வாசிக்கின்றான். பின்னே கட்டிலிலே மூதாட்டி ஒருத்தி கிடக்கின்றாள். அழைத்துப்போக வந்த மரணம், இசை முடியட்டும் என்பதுபோலக் காத்து நிற்கின்றது. கூற்றுவன் என்றால் எருமையும் பாசக்கயிறும் நினைவுக்கு வரப்பெற்ற நமக்கு, இசை கேட்டு நிற்குங் கூற்று வியப்பளிக்காதிராது.

1896-இல் எழுதிய "மரணத்தின் தோட்டம்" இவற்றுள் தலைசிறந்தது. கறுப்பாடை உடுத்த மூன்று எலும்புருவங்கள் தோட்ட வேலை செய்கின்றன. பாத்திகளிலும் தொட்டிகளிலும் புதுமையான செடிகள் நிற்கின்றன. நீர் வார்க்குங் கலங்கள் உள்ளன. அவற்றுள் ஓர் உருவம் செடியொன்றைத் தன் நெஞ்சோடு அணைத்து நிற்கின்றது. அணைப்பதற்கு அதனிடம் தசையில்லை, எலும்பே உளது. எனினும் அவ்வணைப்பின் மென்மை ஐயத்திற்கு இடமின்றி விளங்குகின்றது. தம் படங்களுக்குப் பொருள் சொல்ல விரும்பாத சிம்பெர்க், இதன் முன்வரைவொன்றில் மட்டும், இறந்தோர் விண்ணுலகு புகுமுன் வந்து சேரும் இடம் இது என்னுங் கருத்தைக் குறித்துவைத்தார். படமோ 17 சென்டிமீட்டர் அளவினது. சுவரில் மாட்டினால் எட்ட நின்று காண இயலாது. முகத்தை அருகிற் கொண்டுசென்றே காணவேண்டும். மரணத்தை அத்துணை அணுகி நின்று நோக்குமாறு பார்ப்போரைச் செய்தது அதன் சிறுமையே.

1902-ஆம் ஆண்டில் அவர் கடும் நோய்வாய்ப்பட்டு ஹெல்ஸிங்கி நகரத்து மருத்துவமனையொன்றிற் பல மாதங் கிடந்தார். நோய் தணிந்தபின் 1903-இல் முடித்த ஓவியமே "காயமுற்ற தேவதூதன்". இரண்டு சிறுவர் கழிகளாலாகிய தூக்குப்படுக்கையொன்றைச் சுமந்து செல்கின்றனர். அதன்மேல் வெண்ணாடை தரித்த தேவதூதன் தலைகுனிந்து அமர்ந்திருக்கின்றான். பெண்குழந்தையைப் போன்ற தோற்றம். கண்களைச் சுற்றிக் கட்டுப்போட்டிருக்கின்றது. சிறகிலே குருதிக்கறை. கையிற் சில வெள்ளைப் பூக்கள். முன்னே செல்லுஞ் சிறுவன் கறுப்புடை அணிந்து நேரே நோக்கி நடக்கின்றான். பின்னே வருபவனோ தலையைத் திருப்பி நம்மையே பார்க்கின்றான். பின்னணியிலுள்ள நீர்ப்பரப்பும் வழியும் கற்பனையிடமல்ல. ஹெல்ஸிங்கியின் எலைந்தார்ஹா பூங்காவும் அதனை அடுத்த குடாவுமே. பார்வையற்ற சிறுமியர்க்கும் உடற்குறையுடையோர்க்குமான அறநிலையங்கள் அக்காலத்து அப்பக்கத்தில் இருந்தன. நோயுற்றோர் உலாவுதற்கு வரும் வழி அது.

தேவதூதன் யார்? அவனை அடித்தவர் யார்? சிறுவர் அவனை எங்கே கொண்டுபோகின்றனர்? கேட்டோர் பலர். சிம்பெர்க் விடையளிக்க மறுத்தார். பார்ப்போர் தாமே பொருள் கண்டுகொள்ளட்டும் என்பது அவர் துணிபு. இஃது அகந்தையென்று சிலர் கருதக்கூடும். தேர்வுக்குப் படிக்கும் மாணவருக்கோ விடையில்லா வினா பெருந்தொல்லை. ஆயினும், அவர் ஒரு விடை சொல்லியிருப்பின் பின்னே வருஞ் சிறுவன் நம்மைத் திரும்பிப் பார்த்தற்குக் காரணம் இல்லாதொழியும் அன்றோ? "உமக்குத் தெரியுமா?" என்று அவன் நம்மை வினவுவான் போலிருக்கின்றது. சிலர்க்கோ "நீரோ அடித்தவர்?" என்று கேட்பதாகவுந் தோன்றும். பின்லாந்தின் அத்தேனியம் கலைக்கூடம் 2006-ஆம் ஆண்டில் நாட்டின் தேசிய ஓவியம் எதுவென்று மக்களைக் கேட்டபொழுது, அவர்கள் தேர்ந்தது இப்படத்தையே. வெற்றி முழக்கங் காட்டும் படமொன்றை விட்டு, அடிபட்டுச் சுமந்து செல்லப்படும் ஓர் உயிரை ஒரு நாடு தன் ஓவியமாகத் தெரிந்துகொண்டது பெரிதும் எண்ணத்தக்கது.

இதுகாறும் சொல்லிய படங்கள் தனிமனிதர் நோக்குதற்குரியன. அவ்வுருவங்கள் ஆலயத்துட் புகுந்தபொழுதுதான் உண்மையான வழக்கு எழுந்தது. தம்பெரே என்பது பஞ்சாலைகளால் வளர்ந்த தொழில் நகரம். அங்கே லார்ஸ் ஸோங்க் என்னுஞ் சிற்பநூல் வல்லுநர் கருங்கல்லால் எழுப்பிய புனித யோவான் ஆலயம் 1907-இல் நிறைவுற்றது. 1923 முதல் அது பேராலயமாக விளங்குகின்றது. அதன் உட்புறத்தை அணிசெய்யும் பணி மாக்னுஸ் என்கெல்லுக்கும் சிம்பெர்க்குக்குங் கிடைத்தது. பீடத்தின் மேலுள்ள உயிர்த்தெழுதல் ஓவியம் என்கெல் தீட்டியது. ஏனைச் சுவர்களையும் பலகணிக் கண்ணாடிகளையும் 1904 முதல் 1906 வரையில் சிம்பெர்க் அணிசெய்தார்.

மேல்மாடத்தின் முகப்பு நெடுகிலும் பன்னிரு சிறுவர் ரோஜாமலர்த் தொடையலொன்றைச் சுமந்து செல்லுமாறு தீட்டினார். அவர்கள் ஆடையற்றவர். ஒருவனுக்குச் சுமை பெரிதாயிருக்கின்றது. மற்றொருவன் எளிதிற் செல்கின்றான். தொடையலில் மலருண்டு, முள்ளும் உண்டு. பன்னிரு சீடரை நினைப்பிக்கும் எண் ஆதலின், அவர் யாவர் என்று சொல்ல வேண்டுவதில்லை. ஆனால் ஒளிவட்டமும் நெடிய அங்கியும் அணிந்த சீடரை எதிர்நோக்கி வந்தோர், தெருவில் ஓடித்திரியும் மெலிந்த சிறுவரைக் கண்டு திகைத்தனர். தலையை உயர்த்தினரோ, கூரையின் நடுவில், சிவந்த களத்திலே சிறகுகள் சூழ, வாயிற் செங்கனி பற்றிய சிறகுடைப் பாம்பொன்று! தொழுகைக்கு வந்த இடத்திலே பாவத்தின் உருவம் உச்சியில் வீற்றிருப்பதா என்று குறை கூறினர். எதிர்ப்பு எளிதில் அடங்கிற்றில்லை.

குறை கூறினோரை அறியாதாரென்று தள்ளுதல் எமக்கு உடன்பாடன்று. ஆலயத்துக்கு ஒருவன் வருவது வாரமெல்லாம் பட்ட கலக்கம் ஆறுதற்பொருட்டு. ஆலையில் நாள் முழுதும் நின்றுழைத்து வந்தவனுக்கு அங்கேயும் கலக்கத்தையே காட்டுவது முறையோ என்னும் வினா நேர்மையான வினா. கலைக்கூடத்திற்கு விரும்பியோர் செல்வர், விரும்பாதோர் விலகலாம். ஆலயச்சுவரோ பிறப்பு முதல் இறப்பு வரை ஒருவன் கண்முன் நிற்பது. அச்சுவரில் எதை எழுதுவதென்று தீர்மானிக்கும் உரிமை ஓவியர்க்கு மட்டும் உரியதன்று.

எனினும் யாம் சிம்பெர்க்கின் பக்கமே நிற்கின்றோம். ஏனெனில் அவர் காட்டிய பாம்பு அம்மக்கள் அறியாத பாம்பன்று. தேவதூதனை இரண்டாம் முறையாக அவ்வாலயச் சுவரிலே தீட்டியபொழுது அவர் செய்த ஒரு மாற்றம் இதற்குச் சான்று. ஹெல்ஸிங்கிப் பூங்காவின் அமைதியான நீர்ப்பரப்பு நின்ற இடத்தில், தொலைவிலே தம்பெரேயின் ஆலைப் புகைபோக்கிகளை எழுதினார். அடிபட்ட தேவதூதனைச் சுமக்குஞ் சிறுவர் இப்பொழுது அவ்வூர்த் தெருவில் நடக்கின்றனர். வேலை நடந்துகொண்டிருந்த 1905-ஆம் ஆண்டின் இறுதியிலேதான் பேரரசின் அடக்குமுறையை எதிர்த்துப் பொது வேலைநிறுத்தம் மூண்டு தம்பெரே கொந்தளித்தது. வெளியே நிகழ்வதெல்லாம் வாயிற்படியிலேயே நின்றுவிட்டதென்று பாசாங்கு செய்யும் ஓவியத்தினும், அதனை உள்ளே கொணர்ந்து தொழுகையின் நடுவே வைக்கும் ஓவியம் அம்மக்களை மிகுதியும் மதித்ததாகும்.

எதிர்ப்பு இருந்தும் அவை அழிக்கப்படவில்லை. பாம்பு கூரையிலேயே இருக்கின்றது. சிறுவரும் தொடையலைச் சுமந்துகொண்டே இருக்கின்றனர். பின்னர் சிம்பெர்க் ஹெல்ஸிங்கியில் ஓவியம் பயிற்றும் ஆசிரியராயும் இருந்து, 1917-ஆம் ஆண்டு ஜூலை மாதம் ஆஹ்தாரி என்னுமிடத்தில் 44-ஆம் வயதிற் காலமானார். பின்லாந்து தன் விடுதலையை அறிவித்தது அதே ஆண்டு டிசம்பர் மாதத்திலேதான்.

தம்பெரே ஆலயத்தில் மரணத்தின் தோட்டமும் மீண்டும் எழுதப்பெற்றிருக்கின்றது. தாளிற் கைப்பிடிக்குள் அடங்கியிருந்த அப்படம் சுவரிலே ஆளுயரத்திற்கு மேலாக வளர்ந்து நிற்கின்றது. இப்பொழுது அதனைக் காண முகத்தை அருகிற் கொண்டுசெல்ல வேண்டுவதில்லை. மாடத்தில் அமர்ந்து தொழுவோர் தலைநிமிர்ந்தவளவில், கறுப்பாடை உடுத்த அத்தோட்டக்காரன் தன் செடியை நெஞ்சோடு அணைத்து நிற்றலைக் காண்பர்.